பையன் கஞ்சா வழக்கில் பிடிபட்டால் வீட்டார் செய்ய வேண்டியவை

மாட்டுத்தாவணியிலோ உசிலம்பட்டிப் பக்கமோ பையனைப் பிடித்துவிட்டார்கள் என்று போன் வந்தால், முதலில் விசாரிக்க வேண்டியது முதல் தகவல் அறிக்கையில் எழுதியிருக்கும் எடையைத்தான். போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் (NDPS) 2001 திருத்தத்துக்குப் பிறகு கஞ்சா வழக்கின் போக்கையே அதுதான் தீர்மானிக்கிறது. ஒரு கிலோ வரை சிறிய அளவு: அதிகபட்சம் ஓராண்டு சிறை, அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அதற்கு மேல் 20 கிலோவுக்குள் என்றால் பத்தாண்டு வரை சிறை. 20 கிலோவைத் தாண்டினால் அது வணிக அளவு: குறைந்தது பத்தாண்டு. ஜாமீனுக்குக் கடும் நிபந்தனை போடும் 37ஆம் பிரிவு குறுக்கே நிற்பதால் ஜாமீனும் லேசில் கிடைக்காது.

அதனால் மகஜர் (பறிமுதல் செய்ததைப் பதிவுசெய்த ஆவணம்) நகலை வாங்கி வக்கீலோடு உட்கார்ந்து வரிவரியாகப் படியுங்கள். சாக்கோடு சேர்த்து எடை போட்டார்களா? சட்டப்படி பூவும் காயும் உள்ள நுனிதான் கஞ்சா. நுனி இல்லாமல் தனியாக இருக்கும் இலையும் விதையும் அதில் சேராது. வேரோடு பிடுங்கிய செடியை அப்படியே தராசில் வைத்தால் எடை கோட்டைத் தாண்டிவிடும். உடலைச் சோதித்திருந்தால், கெசட்டட் அதிகாரி அல்லது மாஜிஸ்திரேட் முன்னால் சோதனை கேட்கும் உரிமையை முன்கூட்டியே சொன்னார்களா என்று பாருங்கள். கையில் இருந்த பைக்கு இது பொருந்தாது, பலர் இங்கேதான் ஏமாந்துபோகிறார்கள்.

"ஒத்துக்கிட்டு ஃபைன் கட்டிட்டா முடிஞ்சுரும்" என்று யாராவது சொன்னால் தயவுசெய்து அவசரப்படாதீர்கள். அது தண்டனைப் பதிவாகும்; அரசு வேலைக்கான போலீஸ் சரிபார்ப்பில் வந்து நிற்கும், மறுபடி சிக்கினால் தண்டனையும் கூடும். தமிழ்நாட்டில் குண்டர் சட்டம் போதைப்பொருள் குற்றவாளிகளுக்கும் பொருந்தும், ஓராண்டு வரை உள்ளே வைக்கலாம். அப்படி உத்தரவு வந்தால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனு போட வேண்டும்.

நாள்காட்டியில் ரிமாண்ட் தேதியைக் குறித்து வையுங்கள். சிறிய அளவுக்கு 60 நாள், வணிக அளவுக்கு 180 நாள். அதற்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமை பிறக்கும். வணிக அளவு வழக்கில் நீதிமன்றம் அவகாசத்தை ஓராண்டு வரை நீட்டிக்கலாம். குற்றப்பத்திரிகை தாக்கலாகும் முன்பே மனுப் போட்டாக வேண்டும், ஒரு நாள் பிந்தினாலும் அந்த உரிமை போய்விடும்.

வக்கீலுக்குப் பணமில்லையென்றால் மாவட்ட நீதிமன்ற வளாகத்திலுள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100-க்குப் பேசுங்கள். காவலில் இருப்பவருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு.

பையனுக்குப் பழக்கமே இருந்தால் அதே போதைப்பொருள் சட்டத்தின் 64ஏ பிரிவைக் கேளுங்கள். சிறிய அளவு வழக்கில், தானாக முன்வந்து அரசு மருத்துவமனையிலோ அங்கீகரிக்கப்பட்ட மையத்திலோ சிகிச்சை எடுப்பவர் மீது வழக்கு நடத்த முடியாது. சிகிச்சையைப் பாதியில் விட்டால் இந்தப் பாதுகாப்பை ரத்து செய்யலாம், ஆகவே சிகிச்சை முடியும்வரை வீட்டில் ஒருவர் கூடவே போய்வருவது நல்லது.