கதைக்குள்ள பழைய காலக்கல் வைக்கப் போறீங்களா, மொதல்ல கணக்கப் போடுங்க

ஃபேன்டஸி கதைல, கேம்ல பழங்காலத்து காலச்சக்கரம்னு, அதாவது கல்லுல செதுக்கின காலண்டர் ஒண்ணு வேணும்னா நெறைய பேர் மொதல்ல படத்த வரைஞ்சிடறாங்க, பெரிய வட்டக்கல்லு, நாலஞ்சு வளையம், சுத்தி புரியாத எழுத்து. பாக்க கெத்தா இருக்கும், ஆனா அதுக்கு முன்னாடி நிக்கறவன் இன்னிக்கு என்ன நாள்னு கேட்டா பதில் வராது. நானும் அப்படி ஒண்ண வரைஞ்சு வச்சிட்டு, மூணாவது அத்தியாயத்துல ரெண்டு நிலாவும் ஒரே ராத்திரி முழுசா தெரியணும்னு எழுத உக்காந்தப்பதான் அது எப்ப வரும்னு எனக்கே தெரியலன்னு புரிஞ்சுது.

அதனால பேப்பர் எடுத்து வானத்தோட கணக்க எழுதுங்க. உதாரணத்துக்கு வருஷத்துக்கு 400 நாள், ஒரு பௌர்ணமிலேர்ந்து அடுத்த பௌர்ணமிக்கு பெரிய நிலாவுக்கு 30 நாள் (இதான் ஒரு மாசம்), சின்ன நிலாவுக்கு 44 நாள்னு வச்சுக்கலாம். 13 மாசம் போனா 390 நாள், பத்து நாள் மிச்சம், மூணு வருஷத்துல அந்த மிச்சம் சேந்து ஒரு முழு மாசம் ஆயிடும், அப்ப ஒரு அதிக மாசம் சேக்கணும். ரெண்டு நிலாவும் சேந்து பௌர்ணமி வர்றது 660 நாளுக்கு ஒரு தடவ. எல்லாம் ஆரம்பிச்ச எடத்துக்கே வந்து நிக்க 13,200 நாள், அதாவது 33 வருஷம். மத்திய அமெரிக்காவோட பழைய மாயா ஜனங்க 260 நாள் சுத்து ஒண்ணும் 365 நாள் சுத்து ஒண்ணும் சேத்து ஓட்டினாங்க, அது ரெண்டும் மறுபடி சந்திக்க 52 வருஷம் ஆகும், அதே மீச்சிறு பொது மடங்கு விஷயம்தான், ஸ்கூல்ல படிச்சது ஒரு வழியா உதவுது.

இப்ப வடிவம். 33 வருஷத்துக்கு 440 மாசம் வருது, அத ஒரே வட்டத்துல நெருக்காதீங்க. ஆன்டிகிதெரா கருவின்னு கிரேக்கக் கடல்ல மூழ்கிக் கெடந்த கப்பல்லேர்ந்து 1901ல எடுத்த, வானத்துக் கணக்கு காட்டற வெண்கலக் கருவி இருக்குல்ல, அதுல 19 வருஷத்துக்கான 235 மாசத்த அஞ்சு சுத்து சுருளா போட்டிருக்கான். நம்மளுது 11 சுத்து, சுத்துக்கு 40 மாசம், ஒவ்வொரு சுத்தோட கடைசிக் கட்டமும் அந்த அதிக மாசம். நடுவுல 30 குழி வச்ச ஒரு சின்ன வளையம். தெனமும் காலைல ஒருத்தர் வந்து முளைய, அதாவது குழில சொருகற சின்னக் குச்சிய, அடுத்த குழிக்கு மாத்தி வைக்கணும், முப்பது முடிஞ்சா சுருள்ல இருக்கற இன்னொரு முளை ஒரு குழி நகரணும். இந்த முளை ஐடியா என்னுது இல்ல, 1897ல ஃப்ரான்ஸ்ல கோலினிங்கற ஊர்ல கெடச்ச வெண்கலக் காலண்டர்ல ஒவ்வொரு நாளுக்குப் பக்கத்துலயும் ஒரு குழி இருக்கு. கை படற எடம் தேஞ்சு பளபளன்னு இருக்கும், தொடாத எடத்துல பாசி படிஞ்சிருக்கும், இத ஒரு வரி எழுதினாலே கல்லுக்கு உயிர் வந்துடும்.

எழுத்துக்குன்னு முழு மொழியே உருவாக்கணும்னு அவசியம் இல்ல. எண்ணுக்கு சில குறி, மாசப்பேருக்கு சில குறி போதும், மாயா எண்ணுல புள்ளின்னா ஒண்ணு, கோடுன்னா அஞ்சு, அவ்ளோதான். தீர்க்கதரிசனம் கவிதையெல்லாம் செதுக்காதீங்க ப்ளீஸ், ஆன்டிகிதெரா மேல இருக்கறதே பெரும்பாலும் எந்த முள்ளு எதக் காட்டும்ங்கற மாதிரி விளக்கம்தான்.

அப்புறம் முக்கியமானது, பிழை. உண்மையான வருஷம் 400 நாளும் ஒரு கால் நாளும்னு வைங்க, செதுக்கினவனுக்கு அது தெரியாது. 80 வருஷத்துல 20 நாள் நழுவிடும், மழைக்குன்னு குறிச்ச நாள் வந்தும் மழை வராது. அப்ப பின்னாடி வந்த எவனோ ஓரமா வேற உளியால, கோணலா ஒரு திருத்தம் கீறிட்டுப் போயிருப்பான், அத இன்னொருத்தன் அடிச்சிருப்பான். மூணு பேரோட கையெழுத்த வேற வேற மாதிரி வரைஞ்சிடுங்க.

கடைசியா, எங்க உடைக்கறதுன்னு யோசிச்சு உடைங்க. கோலினி காலண்டர் துண்டு துண்டாத்தான் கெடச்சுது, ஆனா அது அஞ்சு வருஷக் கணக்கு, ஒரே மாசம் திரும்பத் திரும்ப வர்றதால ஒரு எடத்துல போனத இன்னொரு எடத்துலேர்ந்து நெரப்ப முடிஞ்சுது. அதனால நீங்க முளைய ஒடச்சுத் தூக்கிடுங்க, கல்லு நல்லாத்தான் இருக்கும், இன்னிக்கு எந்தக் குழின்னு மட்டும் யாருக்கும் தெரியாது. 33 வருஷத்துல ரெட்டைப் பௌர்ணமி 20 தடவ வரும், இருபதும் வருஷத்தோட வேற வேற நாள்ல விழும், ஸோ உங்க ஹீரோயின் நெழல அளந்து வருஷப்பொறப்பக் கண்டுபிடிச்சு, அடுத்த ரெட்டைப் பௌர்ணமி எத்தனாவது நாள்னு எண்ணினா எடத்தப் புடிச்சிடலாம். 100வது நாள்ல வந்துச்சுன்னு நம்பி அந்தக் குழில முளைய வைக்கறா. ஆனா கல்லு 20 நாள் நழுவிடுச்சே, கல்லோட கணக்குல அது 120வது நாள், அதுக்கான குழி சுருள்ல 1,980 நாள் தள்ளி, கிட்டத்தட்ட அஞ்சு வருஷம் முன்னாடி இருக்கு.