நீலகிரிப் பரண்களில் கிடைக்கும் பிலிம் ரீல்கள்: ஓட்டிப் பார்க்கும் முன்

குன்னூர், கோத்தகிரிப் பக்கத்து எஸ்டேட் பங்களாக்களில் 8 மி.மீ., 16 மி.மீ. ரீல்கள் கிடைத்தால், உடனே ஓட்டிப் பார்க்கக் கை துடிக்கும். பழைய புரொஜெக்டரில் மட்டும் மாட்டாதீர்கள். பெரும்பாலும் உலகத்தில் இருப்பதே அந்த ஒரு பிரதிதான்.

டப்பாவைத் திறந்ததும் மோந்து பாருங்கள். வினிகர் நெடி வந்தால், பிலிமின் அடிப்பொருளான அசிட்டேட் என்ற பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிவிட்டது. அதிலிருந்து வரும் அமில ஆவி பக்கத்து ரீல்களையும் கெடுக்கும். அந்த ரீலைத் தனியே பிரித்து வையுங்கள், ஸ்கேன் செய்வதில் முதலிடமும் அதற்கே. ஓரத்தில் காந்த ஒலித்தடம் பூசியிருந்தால் இன்னும் அவசரம். அதிலுள்ள இரும்பு ஆக்சைடு சிதைவை விரைவுபடுத்தும்.

அடுத்தது சுருக்கம். 16 மி.மீ. பிலிமில் 100 பிரேமின் நீளம் 762 மி.மீ. பிலிமை மேசையில் தட்டையாக விரித்து, ஒரு துளையின் விளிம்பிலிருந்து நூறு துளை தள்ளி இருக்கும் துளையின் அதே பக்க விளிம்பு வரை ஸ்டீல் ஸ்கேலால் அளங்கள். சில கேமரா பிலிம்கள் புதிதிலேயே 760.5 தான், அந்த வித்தியாசத்துக்குப் பதற வேண்டாம். 756-க்குக் கீழே போனால் சுருக்கம் ஏறக்குறைய 0.8 சதவீதம். புரொஜெக்டரின் பற்கள் துளைகளைக் கிழித்துக்கொண்டே போகும். பற்சக்கரம் இல்லாமல் ரோலரில் ஓடும் ஸ்கேனரில்தான் கொடுக்க வேண்டும்.

மலைக்குளிர் பிலிமுக்கு நல்லது, ஈரம்தான் பகை. தென்மேற்குப் பருவமழையில் மர அலமாரிக்குள் இருந்த ரீலில் வெள்ளை நூலாகப் பூஞ்சை படரும். அது படத்தைத் தாங்கும் ஜெலட்டின் படலத்தைத் தின்ற இடம் தண்ணீர் பட்டால் கரைந்து படமே போய்விடும். ஈரத்துணி கூடவே கூடாது. மூடிய பெட்டியில் சிலிக்கா ஜெல்லோடு வைத்துப் பூஞ்சையை முதலில் உலரவிடுங்கள். பிறகு முகக்கவசம், கையுறை போட்டு, காற்றோட்டமுள்ள, நெருப்பில்லாத இடத்தில், 99 சதவீத ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சு உதிராத துணியால் மெல்லத் துடையுங்கள். ரீலின் தொடக்கத்தில் சிறு துண்டில் சோதித்துவிட்டே மேலே போங்கள். துருப்பிடித்த தகர டப்பாவுக்குப் பதில் பாலிபுரொப்பிலீன் டப்பா. ஈரப்பதம் 30 முதல் 50 சதவீதம்.

16 மி.மீ.க்கு 2கே (அகலத்தில் ஏறக்குறைய 2,000 புள்ளிகள்), 10-பிட் (நிற நுணுக்கம்) ஸ்கேன் போதும். துளைகளும் ஓரமும் தெரியும்படி அகலமாக எடுக்கச் சொல்லுங்கள். கோடாக் பிலிமின் ஓரத்தில் உள்ள வட்டம், சதுரம், முக்கோணக் குறிகள் பிலிம் தயாரான ஆண்டைக் காட்டும். 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்பும் என்பதால், காட்சியில் தெரியும் வண்டி, கட்டடத்தோடு ஒப்பிட்டு முடிவு செய்யுங்கள். மூலக் கோப்பின் ஒரு நகல் கோயம்புத்தூரிலோ வேறு ஊரிலோ இருக்கட்டும்.

இந்தக் காட்சிகளை உங்கள் படத்தில் சேர்க்கும்போது, எடிட்டிங்கில் வேகம் கவனம். ஊமை 8 மி.மீ. பெரும்பாலும் நொடிக்கு 16 பிரேம், சூப்பர் 8 என்றால் 18. அதை அப்படியே வீடியோவின் 25 பிரேம் வேகத்தில் ஓட்டினால் தேயிலை பறிக்கும் பெண்கள் கேலிச்சித்திரமாக ஓடுவார்கள். தேவையான இடைவெளியில் சில பிரேம்களை மட்டும் இரட்டித்து இயல்பு வேகத்துக்குக் கொண்டுவாருங்கள். 4:3 சட்டத்தை அகலத்திரைக்காக வெட்டினால் அவர்கள் தலையோ கூடையோ போய்விடும். இருபக்கமும் கறுப்பு விடுவதே மரியாதை.

ரீலைக் கொடுத்தவரிடமே பதிப்புரிமையும் இருக்கும் என்பதில்லை. படம் எடுத்தவரின் வாரிசிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். தோடர் பழங்குடியினரின் குடியிருப்பான மந்தின் சடங்கு பதிவாகியிருந்தால், அந்த மந்தின் பெரியவர்களுக்குப் போட்டுக் காட்டி, அவர்கள் சம்மதித்த பகுதியை மட்டும் படத்தில் சேருங்கள்.