கொதிக்காத நீரில் அவிக்கும் முழுமீன்: விருந்துக்கான செய்முறை

மீனை முழுசாக அவித்து மேசையில் வைப்பதற்குப் பெரிய கைப்பக்குவம் வேண்டியதில்லை. தண்ணீர் கொதிக்காமல் பார்த்துக்கொண்டால் போதும். கொதித்தால் தோல் சுருங்கி வெடிக்கும், சதை பிளந்து பிரியும், வால் கழன்றுவிடும். தண்ணீர் 75 முதல் 80 பாகை செல்சியஸ் வரை நின்றால் சதை சாறு குறையாமல் வெந்து, முள்ளிலிருந்து இதழ் இதழாகக் கழரும்.

மீன் வாங்குதல்

வெள்ளைச் சதையும் இறுக்கமான உடம்பும் உள்ள மீன் வேண்டும். கலவாய், கொடுவா, விளைமீன் மூன்றும் நல்லவை. பாரையும் பரவாயில்லை, கொஞ்சம் வறண்டிருக்கும். சூரை வேண்டாம், அதன் கறுப்புச் சதை இந்த முறையில் சக்கையாகிவிடும். 2 கிலோ மீனில் சுமார் 800 முதல் 900 கிராம் சதை கிடைக்கும். வேறு கறிகளும் சோறும் இருக்கும் விருந்தில் அது எட்டுப் பேருக்குத் தாராளம்.

மிளகாய்த்தூளும் புளியும் மறைக்கிற வெடுக்கை இந்தச் சமையல் மறைக்காது. கண் பிதுங்கி, செவுள் இரத்தச் சிவப்பாக, அழுத்தினால் குழி விழாத மீனாகப் பாருங்கள். நத்தார், புதுவருட விருந்தென்றால் திருகோணமலையில் அது வாடைக்காற்றுக் காலம். கடல் குழம்பி வள்ளங்கள் குறைவாகவே போகும்; காலையில் சந்தைக்குப் போய்த் தேடினால் ஏமாற்றம்தான். மீன்காரரிடம் முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும்: "துண்டு போட வேண்டாம்." சொல்லாவிட்டால் நீங்கள் காசு எண்ணி முடிப்பதற்குள் மீன் பத்துத் துண்டாகியிருக்கும். செதிலைச் சுரண்டி, வயிற்றில் சிறிய கீறல் மட்டும் போட்டுக் குடலை எடுக்கச் சொல்லுங்கள். நீளமாகக் கீறினால் வேகும்போது வயிறு வாயைப் பிளக்கும். செவுளைக் கட்டாயம் எடுக்க வேண்டும். விட்டால் தண்ணீர் கலங்கிக் கசக்கும். வீட்டுக்கு வந்ததும் வயிற்றுக்குள் முதுகெலும்பை ஒட்டிய இரத்தக் கட்டியைக் கரண்டிக் காம்பால் சுரண்டிக் கழுவுங்கள்.

பாத்திரம்

மீனை முதலில் அடிமட்டத்தால் அளந்துவிடுங்கள். 2 கிலோ மீன் 50 சென்டிமீற்றர் வரை வரும். நீள்வட்டப் பாத்திரமோ ஆழமான பேக்கிங் தட்டோ இருந்தால் இரண்டு அடுப்பின் மேலும் குறுக்காக வைக்கலாம். வட்டக் கிடாரம்தான் உண்டென்றால் வயிறு கீழே இருக்க மீனை வளைத்து நிறுத்துங்கள். நீந்துகிற மாதிரி இருக்கும், அதுவும் அழகுதான்.

பெரிய பாத்திரங்கள் பல அலுமினியம். அதில் வினாகிரியோ தேசிக்காய்ப்புளியோ ஊற்றக்கூடாது. உலோக வாடை வரும், நிறமும் சாம்பலாகும். அலுமினியம் மட்டுமே இருந்தால் புளிப்பில்லாமல் அவித்து, தேசிக்காயை மேசையில் வையுங்கள்.

அடியில் கேக் ஆறவைக்கும் கம்பித் தட்டு ஒன்று வையுங்கள். மீனை மெல்லிய வெள்ளைத் துணியில் சுற்றி, இரு முனையையும் கைபிடி போல நீளமாக விடுங்கள். துணியின்றி வெந்த மீனைத் தூக்கினால் நடுவில் முறியும்.

வேகவைக்கும் நீர்

தண்ணீர் 5 லீற்றர், வினாகிரி 250 மில்லிலீற்றர், உப்பு 75 கிராம், பம்பாய் வெங்காயம் 2, கரட் 2, செலரித் தண்டு 2, நசுக்கிய இஞ்சி ஒரு துண்டு, ரம்பை ஒரு முழத் துண்டு, மிளகு ஒரு மேசைக்கரண்டி. மிளகு தவிர மற்றதையெல்லாம் போட்டு 25 நிமிடம் கொதிக்கவிடுங்கள். கடைசிப் பத்து நிமிடத்தில் மிளகு. முதலிலேயே போட்டால் கசப்பு இறங்கும். பிறகு நன்றாக ஆறவிட்டு வடியுங்கள். முதல்நாளே செய்து பிரிஜ்ஜில் வைக்கலாம்.

அவித்தல்

ஆறிய நீரில்தான் மீனை இறக்க வேண்டும். கொதிநீரில் இறக்கினால் தோல் உடனே சுருங்கும். வெளிச்சதை வெந்து முடிய, முள்ளடி பச்சையாக நிற்கும். மீனுக்கு மேல் இரண்டு விரற்கடை நீர் இருக்கட்டும். போதாவிட்டால் ஒவ்வொரு லீற்றருக்கும் 15 கிராம் உப்புச் சேர்த்து ஊற்றுங்கள்.

நடுத்தரத்துக்கும் குறைந்த தீயில் நீர் சூடேற அரை மணித்தியாலம் போல எடுக்கும். அவசரப்பட்டுத் தீயைக் கூட்ட வேண்டாம். நீரின் மேற்பரப்பு மெல்ல நடுங்கி, ஆவி எழும்பி, ஓரிரு குமிழி மட்டும் வரும் கட்டத்தில் தீயைச் சிறுக்கி நேரத்தைப் பாருங்கள். குமிழிகள் தொடர்ந்து வந்தால் ஒரு கோப்பை குளிர்நீர் ஊற்றி அடக்குங்கள். மூடியை இறுக்கி மூடினால் உங்களுக்குத் தெரியாமலே கொதித்துவிடும், சாய்த்து வையுங்கள்.

மீனின் தடித்த இடத்தில் ஒரு சென்டிமீற்றருக்கு 3 நிமிடம். 6 சென்டிமீற்றர் தடிப்பென்றால் 18 நிமிடம். 15ஆவது நிமிடத்திலேயே பாருங்கள். முதுகுச் செட்டை இழுத்ததும் கழன்றால், தலைக்குப் பின்னால் கத்தி நுனியால் விலக்கும்போது முள்ளடிச் சதை கண்ணாடித்தன்மை போய் வெள்ளையாக இருந்தால் சரி. வெப்பமானி இருந்தால் நடுச்சதை 60 முதல் 63 பாகை. கண் வெளுத்ததை மட்டும் நம்பாதீர்கள், அது எப்போதும் முந்தி வெளுக்கும்.

தோலுரித்தலும் பரிமாறலும்

துணியோடு தூக்கி, 5 நிமிடம் நீர் வடியவிட்டு, தட்டுக்கு நழுவவிடுங்கள். தோலைச் சூடாக இருக்கும்போதே உரிக்க வேண்டும். ஆறினால் சதையோடு ஒட்டிக்கொண்டு வரும். முதுகோரமாகவும் செவுள் ஓரமாகவும் கீறி, தலையிலிருந்து வாலை நோக்கி இழுங்கள். மேல்பக்கம் போதும், புரட்ட வேண்டாம்.

குளிரப் பரிமாறுவதென்றால் நம்மூர் வெக்கையில் வெளியே விட்டுவைக்காதீர்கள். ஆவி அடங்கியதும் மூடி பிரிஜ்ஜில் வையுங்கள்; வெளியே மொத்தம் 2 மணித்தியாலத்துக்கு மேல் இருக்கக்கூடாது. சீவிய வெள்ளரிக்காயைச் செதில் போல அடுக்கி, கடை மயோனைஸில் தேசிக்காய்ப்புளி, பச்சை மிளகாய், உள்ளி கலந்து பக்கத்தில் வையுங்கள். வெள்ளை மீனைக் கண்டு முகம் சுளிக்கும் பெரியவர்களுக்கு அந்தப் பச்சை மிளகாய்தான் சமாதானம்.

வெட்டும்போது நடுக்கோட்டில் முள் வரை கீறி, மேல் பாதியை முதுகுப் பக்கமும் கீழ்ப் பாதியை வயிற்றுப் பக்கமும் கரண்டியால் விலக்கி எடுங்கள். வாலைப் பிடித்துத் தூக்கினால் முள் தலையோடு முழுசாக வரும். கீழ்ச்சதையை அப்படியே பங்கிடலாம்.

மிஞ்சிய நீரைச் சொதிக்கு எடுக்காதீர்கள், வினாகிரியில் தேங்காய்ப்பால் திரியும். வடித்துக் கூழுக்கு ஊற்றலாம். அப்போது புளியையும் உப்பையும் பாதியாகக் குறையுங்கள்.