வீட்டு லோன் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்? நாமே கணக்குப் போடலாம்

பெங்களூரில் வீடு பார்க்கப் போகிற நம் ஆட்கள் பெரும்பாலும் இரண்டு எண்களோடுதான் திரும்பி வருகிறார்கள். ஒன்று ஃப்ளாட் விலை, இன்னொன்று மாதத் தவணை. "அக்கா, எழுபத்தஞ்சு லட்சம். இஎம்ஐ அம்பத்திரண்டாயிரம். ரெண்டு பேர் சம்பளத்துல சமாளிச்சிடலாம்" என்று ஹொரமாவு பக்கம் ஃப்ளாட் பார்த்துவிட்டு வந்த பக்கத்து வீட்டுத் தம்பி சொன்னார். வேலூர்ப் பக்கத்திலிருந்து வேலைக்கு வந்தவர், குடும்பத்தில் முதல் ஆளாக லோன் போடுகிறார். "சரி தம்பி, மொத்தம் எவ்வளவு ஆகும்?" என்று கேட்டதற்கு அவரிடம் பதில் இல்லை. விற்பனை அலுவலகத்தில் யாரும் அந்த எண்ணைச் சொல்லவுமில்லை.

அந்த எண்ணைக் கண்டுபிடிக்கத்தான் இந்தப் பதிவு. கூட்டல் கழித்தல் தெரிந்தால் போதும். போனிலோ கணினியிலோ ஒரு கூகுள் ஷீட்டைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள்.

முழுக்க ஒரே எடுத்துக்காட்டோடு போவோம். ஃப்ளாட் விலை 75 லட்சம், லோன் 60 லட்சம், வட்டி 8.5 சதவீதம், 20 வருடம். வட்டி விகிதம் கணக்குக்காக நான் வைத்தது. லோன் தர ஒப்புக்கொண்டு வங்கி கொடுக்கும் சாங்ஷன் லெட்டரில் உள்ளதைப் போட்டுக்கொள்ளுங்கள்.

படி 1: கையிலிருந்து போகும் பணம்

ரிசர்வ் வங்கி விதிப்படி, 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான லோனுக்கு வீட்டின் மதிப்பில் 80 சதவீதம்தான் வங்கி தரலாம். 75 லட்சத்தைத் தாண்டிய லோன் என்றால் 75 சதவீதம். நம் கணக்கில் 60 லட்சம் வங்கி, 15 லட்சம் நாம்.

பலர் 15 லட்சத்தோடு நின்றுவிடுகிறார்கள். பத்திரச் செலவு அந்த 80 சதவீதக் கணக்குக்குள் வராது, அதையும் நாம்தான் போட வேண்டும். கர்நாடகாவில் 45 லட்சத்துக்கு மேற்பட்ட வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 5 சதவீதம். அந்தத் தீர்வையின் மேல் போடும் செஸ், சர்சார்ஜ் என்ற கூடுதல் வரிகளும் சேர்ந்து நகரத்தில் 5.6 சதவீதம் ஆகிறது. பதிவுக் கட்டணம் 1 சதவீதமாக இருந்தது, 2025 ஆகஸ்ட் கடைசியிலிருந்து 2 சதவீதம். ஆக 7.6 சதவீதம், நம் 75 லட்சத்துக்கு 5 லட்சத்து 70 ஆயிரம். அரசின் வழிகாட்டி மதிப்பு வாங்கும் விலையைவிட அதிகமாக இருந்தால் அந்த மதிப்பின் மேல்தான் கட்ட வேண்டும்.

கட்டிக்கொண்டிருக்கும் ஃப்ளாட் என்றால் ஜிஎஸ்டியும் உண்டு. 75 லட்ச வீட்டுக்கு 5 சதவீதம், அதாவது இன்னொரு 3.75 லட்சம். நிறைவுச் சான்று வாங்கிய பிறகு விற்கும் ஃப்ளாட்டுக்கு ஜிஎஸ்டி கிடையாது. "பில்டர் விலை குறைச்சுக் கொடுக்கிறார்" என்று யாராவது சொன்னால், இந்தத் தொகையைக் கூட்டிய பிறகும் அது குறைவுதானா என்று பாருங்கள்.

வங்கியின் பிராசஸிங் ஃபீஸ், வக்கீல் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், அடமானப் பதிவு எல்லாம் தனி. 2024 அக்டோபரிலிருந்து வங்கிகள் ஒவ்வொரு வீட்டு லோனுக்கும் கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட் என்ற தாளைக் கொடுத்தாக வேண்டும். வட்டியோடு கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு அந்த விகிதத்தைப் பாருங்கள்.

படி 2: தவணை அட்டவணையை நாமே போடுவது

நிதானமாகச் செய்ய வேண்டிய படி இதுதான். இங்கே அரை மணி நேரம் உட்கார்ந்தால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

ஷீட்டில் ஐந்து பத்திகள் போடுங்கள்: மாதம், தொடக்க பாக்கி, வட்டி, அசல், முடிவு பாக்கி. இஎம்ஐ தொகையை எந்த வங்கித் தளத்தின் கால்குலேட்டரும் சொல்லும். 60 லட்சம், 8.5 சதவீதம், 240 மாதம் என்றால் 52,069 ரூபாய்.

முதல் வரி: தொடக்க பாக்கி 60,00,000. இதை 8.5 சதவீதத்தால் பெருக்கி 12-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி 42,500. இஎம்ஐயில் வட்டி போக மிச்சம் 9,569. அசல் கழிவது அவ்வளவுதான். முடிவு பாக்கி 59,90,431.

இரண்டாவது வரி: தொடக்க பாக்கி 59,90,431. வட்டி 42,432, அசல் 9,637. ஃபார்முலாவைக் கீழே இழுத்துவிட்டால் 240 வரியும் நிரம்பிவிடும்.

இப்போது சில வரிகளில் நின்று பாருங்கள். முதல் வருட முடிவில் கட்டியிருப்பது 6 லட்சத்து 25 ஆயிரம், அசலில் கழிந்தது 1 லட்சத்து 19 ஆயிரம். பத்து வருடம் முடியும் 120-ஆம் வரியில் பாக்கி ஏறக்குறைய 42 லட்சம். காலத்தில் பாதி ஓடிவிட்டது, கடனில் பத்தில் ஏழு பங்கு அப்படியே நிற்கிறது. ஒரு தவணையில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டுவதே 143-ஆவது மாதத்தில்தான். ஏழெட்டு வருடத்தில் வீட்டை விற்றுவிட்டு ஊருக்குப் போகலாம் என்று நினைப்பவர்கள் இந்த வரிகளை அவசியம் பார்க்க வேண்டும்.

வட்டிப் பத்தியைக் கூட்டினால் 64 லட்சத்து 97 ஆயிரம். வாங்கிய கடன் 60 லட்சம், அதற்கு வட்டி அதைவிட அதிகம்.

படி 3: வருடத்தைக் கூட்டினால் என்ன ஆகும்

"இஎம்ஐ பாரமா இருக்கா சார், முப்பது வருஷமாக்கிடலாம்" என்று ஏஜெண்ட் சொல்வார். அதே 60 லட்சம், அதே 8.5 சதவீதம்:

15 வருடம்: இஎம்ஐ 59,084, மொத்த வட்டி 46.35 லட்சம்
20 வருடம்: இஎம்ஐ 52,069, மொத்த வட்டி 64.97 லட்சம்
30 வருடம்: இஎம்ஐ 46,135, மொத்த வட்டி 1 கோடியே 6 லட்சம்

இருபதிலிருந்து முப்பதுக்குப் போனால் மாதம் 6,000 கூடக் குறைவதில்லை, வட்டி மட்டும் 41 லட்சம் ஏறுகிறது. முப்பது வருடம் எடுத்தே ஆக வேண்டிய நிலைமை சிலருக்கு உண்டு. எடுங்கள், ஆனால் படி 6-ஐச் செய்யும் உறுதியோடு எடுங்கள்.

படி 4: வட்டி மாறும் என்று வைத்துப் பார்ப்பது

இன்று வங்கிகள் தரும் வீட்டு லோன்களில் பெரும்பாலானவை ரெப்போ விகிதத்தோடு, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டியோடு, கட்டியவை. ரெப்போ 2020 மே மாதம் 4 சதவீதத்துக்கு இறங்கியது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரிக்குள் 6.5-க்கு வந்துவிட்டது. 2025-இல் மறுபடி இறங்கி, டிசம்பரில் 5.25 ஆனது. இருபது வருடத்தில் இப்படிப் பல ஏற்ற இறக்கம் வரும்.

நம் ஷீட்டில் வட்டியை 9.5 ஆக்கிப் பாருங்கள். இஎம்ஐ அதே 52,069 என்று விட்டால் லோன் 240 மாதத்தில் முடியாது, 309 மாதம் ஓடும். கிட்டத்தட்ட 26 வருடம். மொத்த வட்டி ஒரு கோடியைத் தாண்டிவிடும். வருடத்தை நீட்டாமல் இஎம்ஐயை ஏற்றினால் மாதம் 55,928 ஆகும், மொத்த வட்டி 74 லட்சத்தோடு நிற்கும். மாதம் 3,859 ரூபாய் கூடுதலாகக் கட்டுவதால் 26 லட்சம் மிச்சம்.

வங்கிகள் வழக்கமாகச் செய்வது முதல் வழியை. இஎம்ஐ மாறாததால் நமக்கு எதுவும் தெரியாது, காலம் மட்டும் நீண்டுகொண்டே போகும். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி கொண்டுவந்தது. வட்டி மாறும்போது இஎம்ஐயை ஏற்றுவதா, வருடத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. வங்கியிலிருந்து வரும் குறுஞ்செய்தியை அழித்துவிடாதீர்கள். கிளைக்கு எழுதி, இஎம்ஐயை ஏற்றச் சொல்லுங்கள்.

வட்டி இறங்கும்போதும் ஒரு வேலை இருக்கிறது. ரெப்போவின் மேல் வங்கி கூட்டி வைக்கும் வட்டியான ஸ்ப்ரெட், புதிதாக வருபவர்களுக்குக் குறைவாகவும் பழையவர்களுக்கு அதிகமாகவும் இருப்பது சகஜம். உங்கள் ஸ்ப்ரெட் எவ்வளவு, இன்று புதியவருக்கு எவ்வளவு என்று வருடத்துக்கு ஒருமுறை கேளுங்கள். சிறு கட்டணத்தில் மாற்றித் தருவார்கள். மாட்டோம் என்றால் வேறு வங்கிக்கு லோனை மாற்றலாம். அந்தச் செலவு போக என்ன மிஞ்சும் என்று ஷீட்டில் போட்டுவிட்டு முடிவெடுங்கள்.

படி 5: இஎம்ஐக்கு வெளியே இருப்பவை

லோனோடு சேர்த்துத் தள்ளும் காப்பீட்டைத்தான் நான் முதலில் சொல்வேன். கையெழுத்துப் போடும் நாளில் "லோன் இன்சூரன்ஸ், ஒரே பிரீமியம், லோன்லயே சேர்த்துடுறோம்" என்பார்கள். ஒன்றரை லட்சம் பிரீமியத்தை 60 லட்சத்தோடு சேர்த்தால் இஎம்ஐ 1,302 ரூபாய் கூடும். இருபது வருடத்தில் அந்த ஒன்றரை லட்சத்துக்கு 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். கடன் இருக்கும் குடும்பத்துக்குக் காப்பீடு கண்டிப்பாக வேண்டும், அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் வங்கியிடமே வாங்க வேண்டும் என்று சட்டம் இல்லை. தனியாக ஒரு டேர்ம் பாலிசி, அதாவது உயிருக்கு மட்டுமான காப்பீடு, என்ன விலை என்று கேட்டு ஒப்பிட்டுப் பாருங்கள்.

கட்டி முடிக்காத ஃப்ளாட்டுக்கு வரும் ப்ரீ-இஎம்ஐயும் கணக்கில் வர வேண்டும். வங்கி 40 லட்சம் விடுவித்திருக்கிறது, வீடு தயாராகவில்லை என்றால் மாதம் 28,333 வெறும் வட்டி. இரண்டு வருடம் இழுத்தால் 6 லட்சத்து 80 ஆயிரம் போயிருக்கும், அசலில் ஒரு ரூபாய் குறைந்திருக்காது. இந்தப் பக்கம் வாடகையும் கொடுத்துக்கொண்டிருப்பீர்கள்.

மெயின்டனன்ஸ்: 1,200 சதுர அடிக்கு 4 ரூபாய் வைத்தாலே மாதம் 4,800. ஏற்றமே இல்லை என்று வைத்தாலும் இருபது வருடத்துக்கு 11.52 லட்சம். காவிரி இணைப்பு வராத பகுதியில் கோடையில் டேங்கர் தண்ணீர்ச் செலவும் இதன்மேல் ஏறும். 2024 கோடையைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. சொத்து வரி, அலமாரி, மாடுலர் கிச்சன் இவற்றையும் எழுதுங்கள். உள்வேலைக்குப் பர்சனல் லோன் எடுக்கும் எண்ணம் இருந்தால் அதன் வட்டியையும் தனி வரியில் எழுதுங்கள், வீட்டு லோனைவிட அது அதிகமாகத்தான் இருக்கும்.

வரிச் சலுகையை மட்டும் கழிக்கலாம், அதுவும் பழைய வரி முறையில் இருந்தால். குடியிருக்கும் வீட்டு வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு. நம் கணக்கில் முதல் வருட வட்டியே 5 லட்சத்தைத் தாண்டுகிறது. 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு, செஸ்ஸையும் சேர்த்து, வருடத்துக்கு மிஞ்சுவது 62,400 ரூபாய். புதிய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. வரி மிச்சமாகும் என்பதற்காக லோனை இழுத்துக்கொண்டு போவது எந்தக் கணக்கிலும் சரிவராது.

இப்போது கூட்டுவோம். தவணைகள் 124.97 லட்சம், கைப்பணம் 15, பத்திரம் 5.70, மெயின்டனன்ஸ் 11.52, உள்வேலைக்கு ஒரு 8 லட்சம். மொத்தம் 1 கோடியே 65 லட்சம். இதன் பக்கத்தில் இன்று கொடுக்கும் வாடகையை, வருடா வருடம் ஏற்றி, அதே இருபது வருடத்துக்கு எழுதுங்கள். வாங்கலாமா வேண்டாமா என்று வீட்டில் பேசும்போது மேசையில் இந்த இரண்டு எண்களும் இருக்கட்டும்.

படி 6: குறைப்பது

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டு லோனை முன்கூட்டியே கட்டினால் வங்கி கட்டணம் வசூலிக்கக் கூடாது. 2012 முதல் இருக்கும் விதி.

எப்போது கட்டுகிறோம் என்பதுதான் இங்கே முக்கியம். முதல் வருட முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால் மொத்த வட்டியில் சுமார் 3 லட்சத்து 85 ஆயிரம் குறையும். அதே 1 லட்சத்தை 15-ஆவது வருட முடிவில் கட்டினால் குறைவது 52 ஆயிரம் மட்டும். தீபாவளி போனஸோ, ஊரில் நிலம் விற்ற பங்கோ வந்தால் முதல் ஐந்தாறு வருடங்களில் போட்டுவிடுங்கள்.

மொத்தமாக முடியாதவர்கள் வருடத்துக்கு ஒரு இஎம்ஐ அதிகமாகக் கட்டலாம். அந்த ஒன்றிலேயே லோன் மூன்றேகால் வருடம் முன்னதாக முடியும், 12 லட்சத்துக்கு மேல் மிச்சம். கட்டும்போது "இஎம்ஐ அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுங்கள். இல்லாவிட்டால் சில இடங்களில் இஎம்ஐயைக் குறைத்துவிட்டு வருடத்தை விட்டுவிடுவார்கள், மிச்சமாக வேண்டியது பெரும்பாலும் போய்விடும். ஆறு மாதச் செலவுக்கான பணத்தை மட்டும் தொடாதீர்கள். வேலை போனால் முன்கூட்டிக் கட்டிய பணத்தை வங்கி திருப்பித் தராது.

படி 7: முடிந்த பிறகு

கடைசித் தவணை கட்டி 30 நாளுக்குள் வங்கி அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் நமக்குக் கொடுக்க வேண்டும் என்பது 2023 டிசம்பரிலிருந்து நடைமுறை. பத்திரத்தை வாங்கும்போது, லோன் போட்ட அன்று கொடுத்த பட்டியலோடு ஒவ்வொரு தாளாகச் சரிபாருங்கள். அப்புறம் சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமான நீக்கத்தைப் பதிந்து, புதிய வில்லங்கச் சான்றிதழ் எடுத்து அதில் வங்கியின் பெயர் நீங்கியிருக்கிறதா என்று பாருங்கள். நம் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையிலும் லோன் முடிந்ததாகக் காட்ட வேண்டும். காட்டவில்லை என்றால் வங்கி கொடுத்த நிலுவையின்மைச் சான்றின் நகலை இணைத்துத் திருத்தம் கேட்கலாம்.