4 மில்லிமீட்டர் சிறுநீரகக் கல்லும் தேத்தண்ணி வடியும்

ஹட்டன் குளிரில் யாருக்குத் தாகம் எடுக்கிறது? தண்ணீர் குடிப்பது குறைவு, சாயத் தேத்தண்ணி மட்டும் நாளுக்கு ஏழெட்டுக் கோப்பை.

இடது விலாவுக்குக் கீழே பிடித்த வலி, அலையலையாக அடிவயிற்றுக்கு இறங்கியது. படுத்தாலும் உட்கார்ந்தாலும் நிலைகொள்ளவில்லை. வாய்வு என்று இஞ்சிச்சாறு குடித்தேன். அப்புறம் சுளுக்கு என்று தைலம். மூன்றாம் நாள் ஸ்கேன்: சிறுநீரகம் லேசாக வீங்கியிருக்கிறது, கல்லைக் காணோம்.

அங்கேதான் ஏமாந்தேன். ஸ்கேனுக்கு முன் சிறுநீர் கழித்துவிட்டுப் போயிருந்தேன். சிறுநீர்ப்பை காலியாக இருந்தால் அதன் வாசலில் நிற்கும் சின்னக் கல் கண்ணில் படாமல் போகலாம்.

வேறொரு டாக்டர், "ஒண்ணுக்கு அடிக்கடி முட்டுதா?" என்று கேட்டார். முட்டியது, போனால் நாலு சொட்டு. ஒரு லீட்டர் தண்ணீர் குடித்து, அடக்கிக்கொண்டு திரும்ப ஸ்கேன். பை வாசலிலேயே 4 மில்லிமீட்டர் கல். இந்த அளவு பெரும்பாலும் தானாக விழுந்துவிடும், காய்ச்சல் கண்டால் மட்டும் உடனே ஓடி வாங்க என்றார்.

வலிமாத்திரை, தண்ணீர், ஒவ்வொரு தடவையும் சிறுநீரைப் பழைய தேத்தண்ணி வடியில் வடித்தேன். ஆறாம் நாள் காலை வடியில் கிடந்தது: எள்ளைவிடச் சற்றுப் பெரிது, தவிட்டு நிறம், முள்ளுமுள்ளாக. சோதனையில் கால்சியம் ஒக்சலேட் கல் என்று வந்தது. சாயத் தேத்தண்ணியிலும் ஒக்சலேட் உண்டாம். இப்போது மூன்று கோப்பைதான், அதுவும் பால் விட்டு.

வீட்டில் புது வடி வாங்கியாயிற்று.