ஆமைக்குச் சளி: ஊசியைக் கெடுக்கும் குளிர்ந்த தண்ணீர்

அழுக்குத் தண்ணீர், பிளாஸ்டிக் டப்பாவில் வளர்ப்பது எல்லாம் ஊரறிந்த தவறுகள். விட்டுவிடுவோம். ரெட் இயர்டு ஸ்லைடர் (கண்ணுக்குப் பின்னால் சிவப்புப் பட்டை உள்ள நீராமை) வளர்ப்பவர்கள் விவரம் தெரிந்தும் செய்கிற தவறுகள் வேறு.

"நம்ம ஊர் வெயிலுக்கு ஹீட்டர் எதுக்கு?"

விற்கிறவரே இப்படிச் சொல்லித்தான் அனுப்புகிறார். கேட்டாலே எரிச்சல் வருகிறது. ஆமையின் உடம்புச் சூடு அது இருக்கும் தண்ணீரின் சூடுதான். ஏ.சி. அறையிலோ மார்கழி இரவிலோ டேங்க் 21, 22 டிகிரிக்கு இறங்கிவிடும். மூடியில்லாத டேங்கில் நீர் ஆவியாகிக்கொண்டே இருப்பதால், அறையைவிடத் தண்ணீர் இன்னும் குளிர்ந்திருக்கும். எதிர்ப்புச் சக்தி மந்தமாகும். டேங்கில் எப்போதும் இருக்கிற பாக்டீரியாவுக்கு அதுவே போதும். ஆமைக்கு நம்மைப் போன்ற உதரவிதானம் கிடையாது, சளியை இருமித் தள்ள வராது. அது நுரையீரலிலேயே தேங்கிக் கெட்டிப்படும். தானாகச் சரியாகும் என்று காத்திருப்பது வீண்.

இதைவிடக் கொடுமை, ஊசி போட்ட பிறகு நடப்பது. செஃப்டாசிடைம் என்ற ஆன்டிபயாட்டிக் ஊசியை மருத்துவர் பெரும்பாலும் 72 மணி நேரத்துக்கு ஒன்று என்று எழுதுவார். அந்தக் கணக்கு சூடான உடம்புக்கு. வீட்டுக்கு வந்ததும் அதே 22 டிகிரித் தண்ணீரில் விடுகிறார்கள். ஆமை தேறாது, பழி மருத்துவர் மேல் விழும்.

100 லிட்டர் தண்ணீருக்கு 100 வாட் ஹீட்டர், ஹீட்டரின் மேலே பிளாஸ்டிக் உறை. தெர்மாமீட்டரை ஹீட்டருக்கு எதிர் மூலையில் ஒட்டுங்கள். சாதாரண நாளில் 25–26 டிகிரி. நோய் வந்தால் இரவு பகலாக 28–29. ஒரே மூச்சில் ஏற்றாமல் நாளுக்கு ஒன்றிரண்டு டிகிரியாக ஏற்றுங்கள். வெயில் காயும் மேடை 32–35. தண்ணீரைச் சூடாக்கிவிட்டு, மேலே ஏ.சி. காற்று நேராக அடிக்க விட்டால் மூச்சிழுப்பது குளிர்காற்றைத்தான். தண்ணீர் மாற்றுமுன் ஹீட்டரின் பிளக்கைப் பிடுங்கி, கால் மணி நேரம் ஆறவிடுங்கள். சூட்டோடு வெளியே எடுத்தால் கண்ணாடி விரிசல் விடும்.

ஒருபக்கம் சாய்ந்து நீந்தினால் "வாயு"

வாயுவாகவும் இருக்கலாம். ஆனால் மூக்கில் குமிழி, "கிளிக்" சத்தம், தீனி எடுக்காமை இவற்றில் ஒன்று சேர்ந்தாலும் நுரையீரலைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும். எக்ஸ்ரே சொல்லிவிடும்.

மனிதருக்கான மாத்திரை

வேண்டாம்.

காய்ந்த இறால் மட்டுமே தீனி

வைட்டமின் ஏ குறைந்து மூச்சுப்பாதையின் உள்தோல் கெடும், கண் வீங்கும். நல்ல பெல்லட், கீரை, துருவிய கேரட் கொடுங்கள். வைட்டமின் ஏ ஊசியை நீங்களே போடப் போகாதீர்கள். அளவு மீறினால் தோல் உரியும்.

பின்னங்காலில் ஊசி

பின்பாதி ரத்தம் சிறுநீரகம் வழியாகப் போகக்கூடியது, மருந்து உடம்பில் பரவுமுன்பே வெளியேறிவிடலாம். முன்னங்காலில் போடச் சொல்லிக் கேளுங்கள்.

சோர்ந்த ஆமையை ஆழமான தண்ணீரில் விடுவது

மூழ்கிச் சாகும். தண்ணீர் ஓட்டின் உயரத்தைத் தாண்டக் கூடாது. கழுத்தை நீட்டி, வாயைத் திறந்து மூச்சு வாங்கினால் அன்றைக்கே மருத்துவரிடம் கிளம்புங்கள். வாளித் தண்ணீரில் தூக்கிப்போக வேண்டாம். காற்றுத்துளை போட்ட டப்பா, அடியில் ஈரத்துண்டு, வண்டியில் ஏ.சி. கிடையாது.