பதி வைத்த கொப்பைப் பதறி வெட்டாதீர்கள்

மாரி தொடங்கினால் எங்கள் மட்டக்களப்புப் பக்கத்தில் எல்லோருக்கும் மரம் நடும் ஆசை வந்துவிடுகிறது. ஐப்பசி பிறந்ததும் எழுவான்கரையிலிருந்தும் படுவான்கரையிலிருந்தும் நாற்றுமேடைக்கு ஆட்கள் வருகிறார்கள். அவர்களில் சிலர் கன்று வாங்க வருவதில்லை. காய்ந்துபோன கொப்பொன்றைப் பையில் போட்டுக் கொண்டுவந்து, "இது ஏன் பட்டுப்போனது?" என்று கேட்க வருகிறார்கள். கைபேசியில் ஏதோ ஒரு காணொளியைப் பார்த்துவிட்டு வீட்டுக் கொய்யாவிலோ தேசியிலோ, மரத்திலிருக்கும் கொப்பிலேயே வேர் வரவைக்கும் காற்றுப்பதி வைத்துப் பார்த்தவர்கள். அவர்கள் செய்கிற பிழைகளில் முக்கால்வாசி, தொழிலுக்கு வந்த புதிதில் நானும் செய்தவைதான். அதனால் கோபிக்கவும் முடிவதில்லை, ஒன்றே ஒன்றைத் தவிர. அந்த ஒன்றைப் பற்றிக் கீழே கொஞ்சம் நீளமாகவே எழுதியிருக்கிறேன். கத்தி கூராக இருக்க வேண்டும், நோய் பிடித்த கொப்பை எடுக்கக் கூடாது என்பவையெல்லாம் இங்கே வராது. அவற்றைச் சொல்ல நான் தேவையில்லை.

ஒட்டு வேறு, பதி வேறு

"பதி வைத்த ஒட்டுக் கன்று இருக்கிறதா?" என்று கேட்கிறார்கள். அப்படி ஒன்று இல்லை. ஒட்டில் இரண்டு செடிகள் சேர்கின்றன. கீழே ஒட்டுக்கட்டை, மேலே நல்ல இனத்துக் கொப்பு. பதியில் இருப்பது ஒரே செடி. தாய்மரத்திலிருந்து பிரிக்காமலே கொப்பில் வேர் உண்டாக்கி, வேர் முற்றிய பிறகு வெட்டியெடுத்துத் தனி மரமாக்குகிறோம். கொப்பை மண்ணுக்கு வளைத்துப் புதைத்தால் நிலப்பதி. வளைக்க முடியாத கொப்பில், மேலேயே ஈரப் பொதி கட்டினால் காற்றுப்பதி. இரண்டும் பள்ளிக்கூடத்தில் பதியமுறை இனப்பெருக்கம் என்று படித்த பாடத்துக்குள் வருபவை. பூ, மகரந்தம், விதை எதற்கும் இதில் வேலை இல்லை. ஆகவே பிறக்கும் மரம் தாய்மரத்தின் மறுபதிப்பு. தாயின் நற்குணமும் வரும், தாயின் நச்சுயிரி நோயும் வரும்.

இந்த வேறுபாடு பேச்சளவில் நிற்பதில்லை. ஒட்டுக் கன்றுக்கு விதையிலிருந்து வளர்ந்த கட்டையின் வேர் இருக்கிறது. பதிக்கு ஆணிவேரே இல்லை. நட்ட பிறகு அது தன் வேலையைக் காட்டும்.

வழவழப்பை விட்டுவைப்பது

ஏறக்குறைய ஒரு வயதுள்ள, பென்சில் பருமனோ சற்றுக் கூடவோ உள்ள கொப்பில் கணுவுக்குக் கீழே ஓர் அங்குலம், ஒன்றரை அங்குல அகலத்துக்குப் பட்டையை வளையமாக உரிக்கிறோம். இலையில் உண்டாகும் உணவும், வேரைத் தூண்டும் ஒட்சினும் பட்டையோடு சேர்ந்த உரியத்தின் வழியாகத்தான் கீழே இறங்குகின்றன. பாதை அறுந்ததும் அவை வளையத்தின் மேல் விளிம்பில் தேங்குகின்றன. வேர் வருவது அந்த மேல் விளிம்பில்தான். உள்ளே இருக்கும் காழ் அறுபடாததால் தாய்மரத்தின் வேரிலிருந்து தண்ணீர் வழமைபோல் மேலே போய்க்கொண்டே இருக்கும்.

பட்டையை உரித்த கையோடு பெருவிரலால் அந்த இடத்தைத் தடவிப் பாருங்கள். வழுக்கும். அந்த வழவழப்புத்தான் மாறிழையம். அதை விட்டுவைத்தால் புதுப் பட்டையை உண்டாக்கி, மேல் விளிம்பையும் கீழ் விளிம்பையும் மறுபடி இணைத்துவிடும். உணவு பழையபடி கீழே இறங்கும், வேர் வராது. இரண்டு மாதம் காத்திருந்து பொதியை அவிழ்த்தால், உள்ளே காயம் ஆறிய தழும்புதான் இருக்கும். கத்தியின் முதுகால், விரல் வழுக்காத வரைக்கும் சுற்றிச் சுரண்டுங்கள். ஆழமாக வெட்ட வேண்டாம். காழை அறுத்தால் கொப்பு அங்கேயே முறியும்.

தும்புச்சோற்றைக் கழுவாமல் கட்டுவது

சுரண்டிய இடத்தைச் சுற்றி வைத்துப் பொலித்தீனால் கட்டும் ஈரப் பொதிக்குள் இருப்பது தும்புச்சோறு, அதாவது தேங்காய் மட்டைத் தூள். கரையோரத்தில் உப்புத் தண்ணீரில் ஊறிய மட்டையின் சோறு என்றால் உப்பு அதற்குள்ளேயே இருக்கும். நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று தடவை அலசிப் பிழியுங்கள். கைப்பிடிக்குள் வைத்து இறுக்கினால் ஈரம் கசிய வேண்டும், ஒழுகக் கூடாது.

முதல் வேரைக் கண்டதும் வெட்டுவது

என்னைக் கோபப்படுத்தும் பிழை இது.

பொலித்தீனுக்குள்ளே வெள்ளை நூலாக வேர் ஓடுவதைப் பார்த்ததும் மனிதர்களுக்குக் கை பரபரக்கிறது. கட்டி நான்கு ஐந்து கிழமை ஆகியிருக்கும். அந்தப் பக்கம் இரண்டு, இந்தப் பக்கம் ஒன்று என்று வேர் தெரிகிறது. வீட்டிலுள்ளவர்களையெல்லாம் கூப்பிட்டுக் காட்டுகிறார்கள். அடுத்த நாள் காலையில் கொப்பு கீழே கிடக்கிறது.

அந்த வெள்ளை வேருக்கு இன்னும் ஒரு வேலையும் தெரியாது. அதுவரை கொப்பிலுள்ள அத்தனை இலைக்கும் தண்ணீர் கொடுத்தது தாய்மரத்தின் வேர். வெட்டிய நிமிடத்தில் அந்த முழுப் பாரமும் கிளைவிடாத மூன்று நான்கு நூல்களின் தலையில் விழுகிறது. அதிலும் வெள்ளை வேர் மிகவும் நொய்தானது. பொலித்தீனை உரிக்கும்போது பொதி கொஞ்சம் அசைந்தாலே அடியோடு ஒடிந்துவிடும். ஒடிந்தது வெளியே தெரியவும் தெரியாது.

இதில் பெரிய ஏமாற்று என்னவென்றால், கன்று உடனே சாகாது. கொப்பில் சேர்ந்திருக்கும் ஈரத்தையும் உணவையும் தின்று பத்து நாள், பதினைந்து நாள் பச்சையாக நிற்கும். சிலவேளை துளிர்கூட விடும். "துளிர்த்துவிட்டது அண்ணன், பிழைத்துவிட்டது" என்று தொலைபேசியில் சொல்கிறார்கள். நான் ஒன்றும் பேசுவதில்லை. அடுத்த கிழமை நண்பகலில் இலை மடங்குகிறது, பொழுதுபட்டும் விரிவதில்லை. பயந்துபோய் இன்னும் தண்ணீர் ஊற்றுகிறார்கள், இருந்த வேரும் அழுகுகிறது. கடைசியில் மண் சரியில்லை, கண்ணூறு பட்டுவிட்டது, நாற்றுமேடைக்காரன் தொழில் இரகசியத்தை மறைத்துவிட்டான் என்று கதை போகிறது. மறைப்பதற்கு இதில் ஒன்றும் இல்லை. பொறுத்திருக்கவில்லை, அவ்வளவுதான்.

சொந்த மரத்தில் செய்தால் ஒரு கொப்போடு போகும். இதையே விற்கிறவர்களும் செய்கிறார்கள். போன மாரியில் தம்பி ஒருவர் தெருவோரத்தில் ஐந்து தேசிக் கன்று வாங்கி, நட்டு, ஐந்தும் வாடிய பிறகு என்னிடம் வந்தார். வாங்கியபோது ஒவ்வொன்றிலும் பொலித்தீன் பொதி அப்படியே இருந்ததாம், உள்ளே வெள்ளையாகத் தெரிந்ததாம். ஒன்றைப் பிடுங்கிவரச் சொல்லிக் கழுவிப் பார்த்தோம். வளையத்தின் மேல் விளிம்பில் பருக்கன் பருக்கனாக வெள்ளைத் தடிப்பு இருந்தது. வேர் ஒன்றுகூட இல்லை. பட்டை காயப்பட்ட இடத்தில் முதலில் திரளும் திசு அது. வேர் பிறகுதான் வரும், சிலவேளை வராமலும் போகும். விற்றவர் அதைத்தான் வேர் என்று காட்டியிருக்கிறார். அதில் இரண்டு கன்றில் காயும் இருந்ததால், காய்க்கிற கன்று என்று கூடுதல் விலை வேறு கொடுத்திருக்கிறார் தம்பி. காயோடு நிற்கும் புதுப் பதியைக் கண்டால் விலகி நடங்கள். இருக்கிற கொஞ்சத் தண்ணீரையும் உணவையும் அந்தக் காய்தான் முதலில் குடிக்கும்.

நட்டம் கன்றின் விலையோடு நிற்பதில்லை. தாய்மரத்தில் வளர்ந்து நின்ற நல்ல கொப்பு போய்விட்டது. மறுபடி பதி வைத்து, வேரெடுத்து, தேற்றி முடிக்கும்போது மழை ஓய்ந்துவிடும். தைக்குப் பிறகு எங்கள் மணலில் புதுக் கன்றை இறக்கினால் வாளியும் கையுமாகத்தான் நிற்க வேண்டும். ஆகவே அடுத்த ஐப்பசி வரைக்கும் காத்திருப்பு. அவசரத்தில் போட்ட ஒரு வெட்டுக்கு ஒரு வருடம் போகிறது.

சரி, எப்போது வெட்டலாம்? வெள்ளை வேர் மண்ணிறமாக முதிர வேண்டும். அதிலிருந்து இரண்டாம் கட்டக் கிளைவேர்கள் ஓடி, பொதியின் எல்லாப் பக்கத்திலும் பின்னிக்கொள்ள வேண்டும். விரலால் அமர்த்தினால் பொதி குழையாமல் கட்டியாக நிற்கும். கொய்யா, தேசி, மாதுளை, ஜம்பு போன்றவற்றில் மழைக்காலத்தில் ஆறு முதல் எட்டுக் கிழமைக்குள் இந்த நிலை வரலாம். சப்படில்லா மாதக்கணக்கில் இழுத்தடிக்கும். நாட்காட்டியை நம்பாதீர்கள், பொதியைப் பாருங்கள். தும்புச்சோறு தெரியும் அளவுக்கு வேர் தெரியாவிட்டால் இன்னும் நாளாகவில்லை.

நாளான பிறகும் ஒரே வெட்டாக வெட்ட வேண்டாம். பொதிக்குக் கீழே பாதிப் பருமனுக்கு ஒரு வெட்டுப் போட்டு விட்டுவிடுங்கள். ஒரு கிழமை, பத்து நாள் கழித்து மிச்சத்தையும் வெட்டுங்கள். குழந்தைக்குப் பால் மறக்கடிப்பதை ஒரே இரவில் யாரும் செய்வதில்லை. வெட்டும்போது வாளால் அறுத்தால் பொதி குலுங்கும்; கொப்பு வெட்டும் கத்தரிதான் நல்லது. வெட்டிய உடனே பாதி இலையையும், பூ, பிஞ்சு எல்லாவற்றையும் கிள்ளி எறியுங்கள். இதற்கு மனம் வராதவர்கள்தான் அதிகம். இலை தண்ணீரை வெளியேற்றும் வாசல், வேர் போதாத கன்றுக்கு அத்தனை வாசல் தேவையில்லை. பிறகு பொலித்தீன் பையில் மேல்மண், மணல், மக்கிய எரு கலந்து நட்டு, நிழல் வலைக்குக் கீழே மூன்று நான்கு கிழமை வைத்து, மெல்ல மெல்ல வெயிலுக்கு நகர்த்துங்கள். தாய்மரத்தில் வெட்டிக்கொண்டுவந்து நேராகக் குழியில் வைப்பது சூதாட்டம்.

பொலித்தீனோடு நடுவது

ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் வளவில் தேசிக் கன்றொன்றைப் பார்க்கக் கூப்பிட்டார். நட்டு இரண்டு வருடம் கடந்தும் நட்ட உயரத்திலேயே நின்றது. இலை வெளிறியிருந்தது. உரம், வேப்பம் பிண்ணாக்கு, மீன் கழுவிய தண்ணீர் என்று கொடுக்காதது ஒன்றுமில்லை. அடியில் மணலைக் கையால் கிளறினேன். இரண்டு அங்குல ஆழத்தில் பொலித்தீன் தட்டுப்பட்டது. பதி கட்டியபோது சுற்றிய அதே பொலித்தீன், கட்டிய சணல் மட்டும் உக்கிப்போய். ஒரு கையால் தூக்கினேன், மரம் வந்துவிட்டது. வேர் முழுவதும் பைக்குள்ளேயே சுற்றிச் சுற்றி முறுகிக் கிடந்தது.

"கட்டை அவிழ்த்தால் வேர் ஆடிவிடும் என்று விற்றவர் சொன்னாரே" என்றார் ஆசிரியர். ஆடத்தான் செய்யும், முற்றாத வேர் என்றால். முற்றிய பொதியில் பிளேடால் ஒரு பக்கம் நீளமாகக் கீறி உரித்தால் ஒன்றும் உதிராது.

கச்சானில் கட்டிவிட்டு மறப்பது

வைகாசி, ஆனியில் கச்சான் என்னும் வறண்ட காற்று வீசத் தொடங்கினால் பொதி இருந்தாற்போல் காய்ந்துவிடும். முளைக்கும் வேரின் நுனி ஒருமுறை காய்ந்தால் அந்த வேர் முடிந்தது. அந்தக் காலத்தில் கட்டியே ஆக வேண்டும் என்றால், கிழமைக்கு ஒரு தடவை பொதியை அமர்த்திப் பாருங்கள். இலேசாகத் தோன்றினால் சிரிஞ்சால் தண்ணீர் ஏற்றி, ஊசித் துளையை ஒட்டுநாடாவால் மூடுங்கள். வெயில் படும் பக்கத்தில் பழைய சாக்குத் துண்டொன்றைச் சுற்றுங்கள். மாரியில் இதற்கு நேர்மாறு. மேல்கட்டு தளர்ந்திருந்தால் கொப்பு வழியே மழைநீர் இறங்கிப் பொதி அழுகும். என்னைக் கேட்டால் மாரியில் கட்டி, தையில் வெட்டி, பையிலேயே வளர்த்து, அடுத்த மாரியில் நிலத்தில் இறக்குவேன். ஒரு வருடம் கூடுதலாகப் போனாலும் கன்று தவறுவது குறைவு.

வேர்விடும் ஓமோனை நம்பியிருப்பது

கொய்யாவுக்கும் தேசிக்கும் அது இல்லாமலும் வேர் வரும். சுரண்டாத கொப்புக்கு அது இருந்தும் பயனில்லை.

வாழையிலும் கமுகிலும் முயல்வது

வேண்டாம். ஒருவித்திலைத் தாவரத்தில் வளையமாக உரிக்கப் பட்டையும் இல்லை, சுரண்ட மாறிழையமும் இல்லை.

பழத்தைக் காணாத மரத்தில் பதி வைப்பது

பக்கத்து வளவுக் கொய்யா செழிப்பாக நிற்கிறது என்று கொப்புக் கேட்கிறார்கள். அது எத்தனை பழம் காய்க்கிறது, உள்ளே விதை எவ்வளவு, புழு விழுகிறதா என்று கேட்பதில்லை. கொய்யாவில் விதைக் கன்று தாயைப் போல் வரும் என்று சொல்ல முடியாததால்தான் பதிக்கு மதிப்பு. காய்ப்பில்லாத மரத்தில் பதி வைத்தால் காய்ப்பில்லாத இன்னொரு மரம்தான் கிடைக்கும். இரண்டு போகமாவது பழத்தைக் கையிலெடுத்துப் பார்த்த மரத்தைத் தெரிவுசெய்யுங்கள். தேசியில் விதைக் கன்றும் பெரும்பாலும் தாயைப் போலவே வரும். அங்கே பதியின் இலாபம், சீக்கிரம் காய்ப்பது.

கம்பு ஊன்றாமல் விடுவது

பதிக் கன்றுக்கு ஆணிவேர் இல்லை என்று மேலே சொன்னேன். மணற்பாங்கான நிலத்தில் பக்கவேர் மட்டும் உள்ள மரம், தலை கனத்ததும் சாயும். 1978 நவம்பர் 23இல் அடித்த சூறாவளி தென்னையையே பிடுங்கிப் போட்டது. அதைத் தாங்கும் மரம் வளருங்கள் என்று நான் சொல்லவில்லை. வழமையான கார்த்திகை மழைக்காற்றே இரண்டு வயதுப் பதிக் கொய்யாவைப் படுக்கவைக்கப் போதும். வடகீழ்ப் பக்கமாக, அதாவது மாரிக் காற்று வரும் பக்கமாக, ஒரு கம்பை ஊன்றி, பழைய சைக்கிள் டியூப் துண்டால் கம்புக்கும் தண்டுக்கும் இடையில் எட்டு வடிவில் கட்டுங்கள். கயிறு தண்டை அறுக்கும். குழி தோண்டியதும் முதலில் கம்பு, பிறகு கன்று. நட்ட பிறகு ஊன்றப் போனால் கம்பு குத்துவது நீங்கள் இத்தனை நாள் காத்திருந்து எடுத்த வேரைத்தான். ஆறு மாதத்துக்கொரு தடவை கட்டைத் தளர்த்திக் கட்டி, இரண்டாவது மாரி கழிந்த பிறகு கம்பை எடுத்துவிடலாம்.